அலிகேட்ஸ்: இரு சகோதரர்களின் பாட்டு நமக்குச் சொல்வது



பாடத்திட்டம், பயிற்சித்தாள், மதிப்பீடு என்றே பெரும்பாலும் எழுதி வருகிறேன். இம்முறை அவற்றைச் சற்று ஒதுக்கி வைத்துவிட்டு, ஓர் இசைக்குழுவைப் பற்றி எழுத விழைகிறேன். "இசைக்குழுவுக்கும் தமிழ்ப்பள்ளிக்கும் என்ன தொடர்பு?" என்று சிலர் கேட்கக்கூடும். தொடர்பு உண்டு. பொறுமையுடன் இறுதிவரை படித்துப் பாருங்கள்.

அலிகேட்ஸ் என்ற பெயரை அறியாத மலேசியர் நாற்பது வயதைக் கடந்தவர்களுள் மிகச் சிலரே இருப்பர். சந்து பொந்துகளில் திரியும் பூனைகள் என்பது அப்பெயரின் பொருள். பெரிய பின்புலமோ பணபலமோ இல்லாத இளைஞர்கள் தங்களுக்குத் தாங்களே சூட்டிக்கொண்ட பெயர் அது. அப்பூனைகளின் முன்னணியில் நின்றவர்கள் இரு தமிழர்கள், உடன்பிறந்தவர்கள். மூத்தவர் டேவிட் ஆறுமுகம், இளையவர் லோகநாதன் ஆறுமுகம். நாடு முழுவதும் அவரை லோகா என்றே அழைத்தது.

கித்தார் வந்த காலம்

1961-ஆம் ஆண்டில் பிரிட்டனைச் சேர்ந்த கிளிஃப் ரிச்சர்டும் அவருடைய ஷேடோஸ் குழுவினரும் சிங்கப்பூருக்கு வந்து பாடினார்கள். அடுத்த சில ஆண்டுகளில் பீட்டல்ஸ் அலை அடித்தது. இவ்விரண்டின் விளைவாக மலாயாவிலும் சிங்கப்பூரிலும் தெருவுக்குத் தெரு கித்தார்க் குழுக்கள் முளைத்தன. மலாய் மொழியில் அவற்றுக்குக் 'கூகிரான்' என்று பெயர். விறுவிறுப்பான கித்தார்க் குழு என்று பொருள்படும் மூன்று சொற்களின் முதற்பகுதிகளைச் சேர்த்து உண்டாக்கிய சொல் அது. இரண்டு கித்தார், ஒரு பேஸ் கித்தார், ஒரு டிரம் செட், முன்னே ஒரு பாடகர். குழு ஒன்று பிறக்க இவ்வளவே போதுமானதாக இருந்தது.

அந்தச் சூழலில்தான், 1960-களின் இறுதியில், பினாங்கில் அலிகேட்ஸ் உருவாயிற்று. தமிழர்களோடு பிற இனத்தவரும் அக்குழுவில் இசைத்தனர். ஆனால் முளைத்த உடனே மரமாகிவிடவில்லை. புகழ் அவர்களைத் தேடி வருவதற்கு ஏறத்தாழப் பத்தாண்டு பிடித்தது. கேளிக்கை விடுதிகளில் இரவு முழுவதும் பிறருடைய பாடல்களை வாசித்தார்கள். ஹாங்காங்கிற்கும் சென்று அங்குள்ள விடுதிகளில் வாசித்தார்கள். விடுதிக்கு வருபவர் பாட்டுக் கேட்க வருபவரல்லர். உண்ணவும் குடிக்கவும் பேசவும் வருபவர். அவருடைய கவனத்தைத் தட்டில் இருந்து மேடைக்குத் திருப்பியாக வேண்டும். எத்தனை கடினமான பள்ளிக்கூடம் அது, எண்ணிப் பாருங்கள்!

1970-களின் இறுதியில் மலாய்ப் பாடல் தொகுப்புகள் வெளிவரத் தொடங்கின. சிங்கப்பூரில் பிறந்த எம். நாசிர் என்னும் இளம் இசையமைப்பாளரின் பாடல்கள் இவர்களுக்குக் கிடைத்தன. பின்னாளில் மலாய் இசையுலகின் மிகப் பெரிய பெயர்களுள் ஒன்றாக அவர் வளர்ந்தார். கறுப்பின அமெரிக்கரின் சோல் இசை, ராக் இசையின் கித்தார், மலாய்ப் பாட்டின் மென்சோகம் ஆகிய மூன்றும் ஒன்றாய்க் கலந்த ஒரு சுவை பிறந்தது. அதன்பின் 1980-களில் வானொலியைத் திறந்தால் அவர்கள் குரல்தான். கம்பளிப் பந்து போல் சுருண்டு பரந்து நின்ற அவர்களது தலைமுடியே அக்குழுவின் சின்னமாயிற்று.

நான் பிறந்தது பத்து காஜாவுக்கு அருகிலிருந்த ஒரு ரப்பர்த் தோட்டத்தில். எங்கள் லயத்தில் அக்கம்பக்கத்துக்கெல்லாம் சேர்த்து ஓரிரு வானொலிப் பெட்டிகளே உண்டு. தமிழ் ஒலிபரப்புதான் எப்போதும் ஓடும். எப்போதேனும் மலாய் நிலையத்தில் அலிகேட்ஸ் பாட்டு வந்துவிட்டால், பக்கத்து வீட்டுத் தாத்தா ஒலியைக் கூட்டிவிட்டு, "இந்தா, நம்ம ஆளு பாடுறாம் பாரு!" என்பார். அவருக்கு மலாய் மொழி சந்தைக்குப் போய்வரும் அளவே தெரியும். பாட்டின் பொருள் அவருக்கு விளங்கியிருக்க வாய்ப்பில்லை. ஆனால் ஆறுமுகம் என்ற பெயர் விளங்கியது. அது போதுமானதாக இருந்தது.

இன்று ஆசிரியராக நின்று திரும்பிப் பார்க்கையில் அந்தத் தாத்தாவின் மகிழ்ச்சி எனக்கு ஒன்றைப் புலப்படுத்துகிறது. இந்நாட்டில் மூன்று இனத்தாரும் ஒரே பாட்டை முணுமுணுக்கும்படி செய்தவர்கள் இரண்டு தமிழர்கள். பிறந்த மொழி வேறு. பாடிய மொழி வேறு. இருந்தும் அந்நிய உச்சரிப்பு என்று எவரும் அவர்களைப் புறக்கணிக்கவில்லை. மலாய்ப் பாடவேளையில் வாய் திறக்கக் கூசும் நம் பிள்ளைகளை நினைக்கும்போதெல்லாம் எனக்கு லோகாவின் குரல் நினைவுக்கு வரும்.

தேய்வு எப்படி வந்தது?

எழுச்சிக்குக் காரணம் கேட்டால் ஆளுக்கொரு விடை சொல்வார்கள். தேய்வுக்குக் காரணம் கேட்டால் பெரும்பாலும் மௌனம்தான். ஆனால் பிள்ளைகளுக்குக் கற்பிக்கத்தக்க செய்தி தேய்வில்தான் மிகுதியாக இருக்கிறது என்பது என் எண்ணம்.

முதற்காரணம் காலம். 1980-களின் பிற்பகுதியில் மலாய் இளைஞரின் சுவை மாறிற்று. ஜொகூர் பாருவிலிருந்து எழுந்த சர்ச், அதனுடன் விங்ஸ் முதலிய குழுக்கள் முரட்டு ராக் இசையைக் கொண்டுவந்தன. 1989-இல் சர்ச் குழுவின் 'இசபெல்லா' நாட்டையே ஆட்டிப் படைத்தது. மென்சோகப் பாடல்களுக்கு இடம் குறைந்தது. ஆட்டிப் படைத்தவர்களும் அசையாமல் நிற்கவில்லை. 1992-இல் நீண்ட முடி வைத்த ராக் பாடகர்களுக்கு அரசுத் தொலைக்காட்சியில் இடமில்லை என்ற தடை வந்தது. சர்ச், விங்ஸ் குழுக்களின் பாடகர்கள் தகவல் அமைச்சரின் முன்னிலையில் முடியை வெட்டிக்கொண்டது அக்காலத்தில் பெருஞ்செய்தி. அன்று தொடக்கப்பள்ளியை முடிக்கும் வயதிலிருந்த எங்களுக்கு அது வேடிக்கையாக இருந்தது. "பெரிய பாட்டுக்காரனுக்கே தலைமுடிச் சோதனையா?" என்று சிரித்தோம்.

இரண்டாவது காரணம் தொழில். ஒலிநாடா விற்ற காலத்தில் ஒரு தொகுப்பு ஒரு குழுவுக்குச் சோறு போட்டது. பிறகு குறுந்தட்டு வந்தது. அதன் பின்னாலேயே கள்ளக் குறுந்தட்டு வந்தது. இணையத்தில் பாட்டு இலவசமாயிற்று. பதிவில் வந்த வருவாய் வற்றியதும், மேடையும் விருந்து நிகழ்ச்சிகளும் மட்டுமே இசைக்குழுக்களுக்கு எஞ்சின. மேடைக்கு உடல் வேண்டும். உடலுக்கு வயதாகும்.

மூன்றாவது காரணம் இயற்கை. 2007 ஜூன் 4-ஆம் நாள் லோகா நுரையீரல் புற்றுநோயால் மறைந்தார். உனக்கு முன்னே நான் போய்விட்டால் என்று பொருள்படும் தலைப்புடைய பாட்டு ஒன்று அலிகேட்ஸின் புகழ்பெற்ற பாடல்களில் உண்டு. 'அண்டாய்ஞா அக்கு பெர்கி டுலு செபெலும்மு' என்பது அதன் பெயர். காதலிக்காக எழுதப்பட்ட அப்பாட்டு, அந்த ஜூன் மாதத்திற்குப் பிறகு பலருக்கு வேறு பொருளில் ஒலித்தது. தம்பி முன்னே போனார். அண்ணன் பின்னே நின்றார்.

டேவிட் மேடையை விட்டு இறங்கவில்லை. தம்பி இல்லாத மேடையிலும் தொடர்ந்து பாடினார். டத்தோ என்னும் சிறப்புப் பட்டமும் பெற்றார். ஆயினும் இரண்டு குரல்களால் கட்டிய வீட்டில் ஒரு குரல் மட்டும் எஞ்சிவிட்டால், அந்த வீடு பழைய வீடாக இருப்பதில்லை.

ஓர் உடற்கல்வி ஆசிரியரின் பெயர்

இதனோடு ஒப்பிட்டுப் பார்க்க, கடலுக்கு அப்பாலிருந்து இரண்டு குழுக்களைச் சொல்கிறேன். அமெரிக்காவின் தென் மாநிலங்களில் 1970-களில் ஒருவகை ராக் இசை எழுந்தது. அதைத் தென்னக ராக் என்பார்கள். கறுப்பின மக்களின் புளூஸ் இசையும் நாட்டுப்புறப் பாட்டும் மின்கித்தாரும் கலந்தது அது.

முதற்குழுவின் கதை நம்மைப் போன்ற ஆசிரியர்கள் கட்டாயம் அறிய வேண்டியது. புளோரிடா மாநிலத்தில் ஜாக்சன்வில் என்றொரு நகரம். அங்குள்ள ஓர் உயர்நிலைப்பள்ளியில் லெனர்ட் ஸ்கின்னர் என்பவர் உடற்கல்வி ஆசிரியராக இருந்தார். நீண்ட முடியுடன் வந்த மாணவர்களை விதிப்படி தண்டித்தார். அம்மாணவர்களுள் சிலர் இசைக்குழு வைத்திருந்தனர். ஆசிரியரைக் கேலி செய்வதற்காக அவருடைய பெயரையே எழுத்து மாற்றித் தங்கள் குழுவுக்குச் சூட்டிவிட்டார்கள். அதுவே லினர்ட் ஸ்கினர்ட்.

கேலிக்குச் சூட்டிய பெயர் உலகப் பெயராயிற்று. ஆனால் அதற்கு முன் அந்த இளைஞர்கள் சதுப்பு நிலத்தின் நடுவே, தகரக்கூரை வேய்ந்த ஒரு குடிலில், வேனல் கொதிக்கக் கொதிக்க நாள் முழுவதும் பயிற்சி செய்தார்கள். நரக வீடு என்று அதற்கு அவர்களே பெயரிட்டிருந்தார்கள். 1964-இல் சேர்ந்து வாசிக்கத் தொடங்கியவர்களின் முதற்றொகுப்பு 1973-இல்தான் வந்தது. அலிகேட்ஸைப் போலவே இவர்களுக்கும் ஏறத்தாழப் பத்தாண்டு!

1977 அக்டோபர் 17-இல் அவர்களின் ஐந்தாம் தொகுப்பு வெளியாயிற்று. மூன்றே நாள்கள் கழித்து, அக்டோபர் 20-இல், அவர்கள் சென்ற வாடகை விமானம் எரிபொருள் தீர்ந்து மிசிசிப்பி மாநிலத்துக் காட்டில் விழுந்தது. பாடகர் ரானி வான் சான்ட் உட்பட அறுவர் மாண்டனர். அத்தொகுப்பின் அட்டையில் குழுவினரைச் சுற்றித் தீப்பிழம்புகள் எரிவது போல் படம் அச்சிடப்பட்டிருந்தது. பதிப்பு நிறுவனம் அவ்வட்டையைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. பத்தாண்டு கழித்து, 1987-இல், எஞ்சியவர்கள் மீண்டும் கூடினார்கள். அண்ணன் நின்ற இடத்தில் தம்பி ஜானி வான் சான்ட் நின்று பாடினார். தொடக்கக்கால உறுப்பினர்களுள் இறுதிவரை குழுவில் நிலைத்த கித்தார்க் கலைஞர் கேரி ராசிங்டன் 2023 மார்ச்சில் மறைந்தார்.

இக்குழுவைப் பற்றிப் பேசும்போது ஒன்றை மறைக்கலாகாது. அவர்களின் மேடையில் நெடுங்காலம் தொங்கிய கொடி, அடிமை முறையைக் காக்கப் போரிட்ட தென் மாநிலங்களின் கொடி. கறுப்பினத்தாரின் இசையிலிருந்து பிறந்த ஒரு பாட்டு, அவர்களை அடிமைப்படுத்தியவர்களின் கொடியின் கீழ் ஒலித்தது. நல்ல இசை என்பதாலேயே அதைச் சுற்றியுள்ள எல்லாமும் நல்லவையாகிவிடா. இதையும் வளரும் பிள்ளைகளுக்கு நாம் சொல்லித்தான் ஆகவேண்டும்.

அந்த ஆசிரியர் என்ன ஆனார்? காலப்போக்கில் அவருக்கும் குழுவினருக்கும் இடையே நட்பு மலர்ந்தது. ஜாக்சன்வில்லில் நடந்த ஒரு கச்சேரியில் குழுவினரை மேடையில் அறிமுகப்படுத்தியவரும் அவரே! 2010-இல் அவர் மறைந்தபோது உலகச் செய்தித்தாள்கள் அதை வெளியிட்டன. மாணவன் நம்மை எதற்காக நினைவில் வைத்திருப்பான் என்பதை நாம் தீர்மானிக்க முடிவதில்லை. விதியைக் காப்பாற்றுவது நம் கடமை. ஆனால் விதிக்கு வெளியே அந்தப் பிள்ளை யார் என்று அறிவதும் நம் கடமைதான்.

அங்கும் ஓர் அண்ணனும் தம்பியும்

இரண்டாவது குழு ஆல்மன் சகோதரர்களுடையது. 1969-இல் தொடங்கியது. அண்ணன் டுவேன் கித்தார் வாசித்தார். தம்பி கிரெக் பாடினார். வெள்ளையரும் கறுப்பினத்தவரும் ஒரே மேடையில் சேர்ந்து வாசித்த குழு அது. அக்காலத் தென் மாநிலங்களில் அது எளிய செயலன்று. 1971 அக்டோபர் 29-இல் மோட்டார் சைக்கிள் விபத்தில் டுவேன் இறந்தார். வயது 24. ஓராண்டுக்குப் பிறகு, அதே ஊரில், அதே போன்ற விபத்தில் பேஸ் கித்தார்க் கலைஞர் பெரி ஓக்லியும் இறந்தார். அவருக்கும் 24 வயதே.

அத்துடன் முடிந்திருக்க வேண்டிய குழு, இடையிடையே உடைந்தும் சேர்ந்தும் 2014 வரை நீடித்தது. தம்பி கிரெக் 2017-இல் மறைந்தார்.

பினாங்கில் தம்பி முந்தினார். ஜார்ஜியாவில் அண்ணன் முந்தினார். எஞ்சியவர் பாடிக்கொண்டே இருந்தார். இரண்டு கதைகளுக்கும் இடையில் பாதி உலகம் இருக்கிறது. ஆனால் எஞ்சியவரின் கடமை ஒன்றாகவே இருக்கிறது.

தமிழிலேயே எழுந்தவர்கள்

அலிகேட்ஸ் மலாயில் பாடி நாட்டை வென்றது. அதன் அடுத்த தலைமுறை வேறொரு வாயிலைத் திறந்தது. 1998-இல் பொயட்டிக் அம்மோ என்னும் சொல்லிசைக் குழு தன் முதல் தொகுப்பை வெளியிட்டது. ஆங்கிலத்தோடு தமிழிலும் மலாயிலும் அவர்கள் சொல்லிசைத்தனர். அக்குழு கலைந்த பிறகு அதன் உறுப்பினர் யோகி பி, நட்சத்திரா குழுவைச் சேர்ந்த டாக்டர் பர்ன், எம்சி ஜெஸ் ஆகியோருடன் இணைந்து 2006-இல் 'வல்லவன்' என்ற தொகுப்பைத் தந்தார். 1980-இல் வெளிவந்த 'நிழல்கள்' படத்திற்காக இளையராஜா இசையமைத்த பாட்டு ஒன்று அதில் புதுவடிவம் பெற்றது. அது மலேசியாவைத் தாண்டித் தமிழ்நாட்டு இளைஞரையும் பற்றிக்கொண்டது. 2007-இல் 'பொல்லாதவன்' திரைப்படத்தில் யோகி பியின் குரல் ஒலித்தது. வழக்கமாகத் தமிழ்நாட்டிலிருந்து நமக்கு வரும் பாட்டு, அம்முறை இங்கிருந்து அங்குப் போயிற்று!

அந்தக் கூட்டணியும் நெடுநாள் நீடிக்கவில்லை. தனித்தனிப் பாதைகளில் சென்றார்கள். ஆனால் எதுகையும் மோனையும் பாடநூலில் மட்டுமே வாழ்வன என்று எண்ணியிருந்த மாணவர்கள், அவை தெருவிலும் வாழும் என்று அறிந்தது அப்போதுதான். அவ்வாண்டுகளில் நான் புதிய ஆசிரியை. ஆசிரியர் பயிற்சியில் செய்யுள் கற்பித்தலுக்குச் சொல்லித்தந்த உத்திகள் அனைத்தையும் விட, 'நீங்கள் கேட்கும் அந்தப் பாட்டில் மோனை எங்கே வருகிறது?' என்ற ஒரு கேள்வி வகுப்பை விழிக்க வைத்தது.

சுவரில் தொங்கும் கித்தார்

புகழ்பெற்றவர்களின் கதை மட்டும் சொன்னால் முழுமையாகாது. புகழ் பெறாத ஒரு குழுவையும் சொல்லிவிடுகிறேன்.

என் தாய்மாமா எங்கள் தோட்டத்தில் ஓர் இசைக்குழு வைத்திருந்தார். ஐந்து பேர். காலையில் பால்மரம் வெட்டுவார்கள். மாலையில் கோவில் முன் கூடிப் பயிற்சி செய்வார்கள். ஈப்போவில் தவணைக்கு வாங்கிய ஒரு கித்தார், ஒரு தபேலா, பழைய ஆர்மோனியம் ஒன்று, இரவல் வாங்கிய ஒலிபெருக்கி. இவ்வளவே அவர்களின் சொத்து. ஆடித் திருவிழாவில் எண்ணெய்ப் பீப்பாய்களின் மேல் பலகை போட்டு மேடை கட்டுவார்கள். அக்கம்பக்கத் தோட்டங்களிலிருந்து மக்கள் நடந்தே வருவார்கள். மாமா கித்தாரைத் தோளில் மாட்டிக்கொண்டு நிற்கும்போது அவர் மரம் வெட்டுபவர் என்பதையே நான் மறந்துவிடுவேன்.

1990-களின் தொடக்கத்தில் தோட்டம் விற்கப்பட்டது. லயங்கள் இடிக்கப்பட்டன. ஒருவர் ஷா ஆலாம் தொழிற்சாலைக்குப் போனார். ஒருவர் சிங்கப்பூருக்குப் போனார். ஒருவர் சுங்கை சிப்புட்டில் மகள் வீட்டோடு ஒதுங்கினார். மாமாவும் நாங்களும் குனோங் ராபாட்டுக்கு வந்தோம். இவ்வூரின் பெயர்பெற்ற ஹியோங் பியா பலகாரம் சுடும் ஓரிடத்தில் மாமா அடுப்படி வேலைக்குச் சேர்ந்தார். கித்தார் சுவரில் ஏறியது.

அவர்கள் சண்டையிட்டுப் பிரியவில்லை. குடியும் அவர்களைப் பிரிக்கவில்லை. கூடுவதற்கு இடமில்லாமல் போயிற்று. விமானம் விழுந்து ஒரு குழு அழியலாம். நோய் வந்து ஒரு குழு தேயலாம். பேராக் மாநிலத்தில் எத்தனையோ தோட்டத்து இசைக்குழுக்கள் நிலம் கைமாறியதால் மறைந்தன. அவற்றுக்கு ஒலிநாடாவும் இல்லை. செய்தித்தாள் குறிப்பும் இல்லை. கேட்டவர்களின் நினைவு மட்டுமே இருக்கிறது.

சில ஆண்டுகளுக்கு முன் மாமாவிடம், "அவ்வளவு பாடுபட்டு என்ன கிடைச்சுது மாமா?" என்று கேட்டேன். சற்று நேரம் சும்மா இருந்தார். பிறகு, "எசமான் கூப்பிட்டா கையக் கட்டிக்கிட்டு நின்ன பயலுவ அஞ்சு பேரு. திருவிழா அன்னிக்கு மட்டும் நிமிந்து நின்னோம்மா" என்றார். அதற்குமேல் நான் எதுவும் கேட்கவில்லை.

ஒரு தந்தையின் கேள்வி

இத்தனையையும் நான் இப்போது எழுதக் காரணம் ஒரு தந்தை. அவர் லாரி ஓட்டுநர். அவருடைய மகன் ஐந்தாம் ஆண்டு மாணவன். கையில் அடிக்கோல் கிடைத்தால் மேசை மேளமாகிவிடும். தாளம் ஓர் இம்மியும் பிசகாது. மாலையில் வீட்டருகே உள்ள உருமி மேளக் குழுவைத் தேடிப் போய்விடுகிறான் என்பது தந்தையின் புகார்.

"பாட்டு, மேளம்னு போனா பையன் கெட்டுப் போயிருவான் டீச்சர். நீங்க சொன்னா கேப்பான். நிறுத்தச் சொல்லுங்க" என்றார்.

அவருடைய அச்சத்தை நான் எள்ளி நகையாட மாட்டேன். மேளக்குழு என்ற பெயரில் தீய நட்பில் விழுந்த இளைஞர்களை இவ்வட்டாரத்தில் நாம் பார்த்திருக்கிறோம். ஆகவே அவரிடம் நான்கு கேள்விகள் மட்டும் கேட்டேன். அந்தக் குழுவில் கற்றுத் தருபவர் யார்? எங்கே கூடுகிறார்கள்? எத்தனை மணிக்கு முடிகிறது? பையனை வீட்டுக்குக் கூட்டி வருபவர் யார்? நான்கிற்கும் அவரிடம் விடை இல்லை. "நான் ராத்திரி லாரியில இருப்பேன் டீச்சர்" என்று மெல்லச் சொன்னார்.

அடுத்த வாரம் அவர் ஒருநாள் விடுப்பு எடுத்துக்கொண்டு போய்ப் பார்த்துவிட்டு வந்தார். சொல்லித் தருபவர் ஓர் இயந்திரப் பழுதுபார்ப்பாளர் என்றும், நல்ல மனிதராகவே தெரிகிறார் என்றும் கூறினார். ஆயினும், "மொதல்ல மலாய்ப் பாடத்துல தேறட்டும்" என்றார். அதுவும் நியாயமே. அவன் மலாய் வாசிப்பில் மிகவும் பின்தங்கியிருந்தான். வாசிக்கச் சொன்னால் தலையைக் குனிந்துகொள்வான்.

ஐந்தாம் ஆண்டு மலாய்ப் பாடமும் எனக்கே இருந்ததால் ஒரு முயற்சி செய்தேன். மலாய்ச் சொற்களை அசை அசையாகப் பிரிப்பது எளிது. ஒவ்வோர் அசைக்கும் மேசையில் ஒரு தட்டு. அவன் தட்ட வேண்டும். வகுப்பு வாசிக்க வேண்டும். மூன்றாம் நாள் தட்டுபவன் தானும் வாய் திறந்தான். இரண்டாம் வாரத்தில் ஒரு பத்தியைத் தானே தட்டித் தானே வாசித்து முடித்தான். அவன் சிறந்த மாணவனாகிவிட்டான் என்று சொல்ல வரவில்லை. இன்னமும் தடுமாறுகிறான். ஆனால் தலையைக் குனிவதில்லை. இப்போது வாரத்தில் இரண்டு மாலை மேளப் பயிற்சிக்கு அனுமதி உண்டு. தந்தையோ தாயோ உடன் செல்ல வேண்டும் என்பது உடன்பாடு. இது எத்தனை நாள் நிலைக்கும் என்பது லாரி ஓடும் நேரத்தைப் பொறுத்தது.

அவர் என்னிடம் கேட்ட இன்னொரு கேள்வி முக்கியமானது. "பாட்டு சோறு போடுமா டீச்சர்?"

நேர்மையான விடை: பெரும்பாலோருக்குப் போடாது. போட்டவர்களுக்கும் என்றென்றும் போடாது. பத்தாண்டு உழைத்து, பத்தாண்டு ஒளிர்ந்து, அதன்பின் தேய்ந்த குழுக்களைத்தான் மேலே கண்டோம். இதைப் பிள்ளைகளிடம் மறைக்க வேண்டியதில்லை. ஆனால் சோறு போடாத எதையும் கற்கக் கூடாது என்றால், நம் பள்ளிகளில் செய்யுளுக்கும் ஓவியத்துக்கும் விளையாட்டுக்கும்கூட இடமிராது. குழுவாய் வாசிப்பவன் பிறர் வாசிப்பதைக் கேட்கக் கற்கிறான். தன் ஒலியை எப்போது அடக்க வேண்டும் என்று அறிகிறான். நூறு முறை பிழையாகச் செய்ததை நூற்றொன்றாம் முறை செய்து பார்க்கும் மனம் பெறுகிறான். எந்த வேலைக்குப் போனாலும் இவை உடன் வரும்.

ஆசிரியர்களுக்கும் பெற்றோர்களுக்கும் சில வேண்டுகோள்கள்

1. இசைக்கல்விப் பாடவேளையை வேறு பாடத்துக்குக் கடன் வாங்காதீர்கள். கடன் வாங்கிய வேளை திரும்பி வந்ததாக நான் கண்டதில்லை.

2. மலாய் மொழியில் அஞ்சும் பிள்ளைக்கு அலிகேட்ஸ் பாட்டு ஒன்றைக் கேட்கக் கொடுங்கள். பாடியவரின் பெயரையும் சொல்லுங்கள். ஆறுமுகம் என்ற அப்பெயர் அவனுக்குத் துணிவூட்டும்.

3. பிள்ளை மேளமோ கித்தாரோ கற்க விரும்பினால், தடுப்பதற்கு முன் ஒருமுறை உடன் சென்று பாருங்கள். அச்சம் பாதி குறையும். குறையாவிட்டால் தடுப்பதற்கான காரணமும் கிடைத்துவிடும்.

4. உங்கள் வீட்டில், உங்கள் பழைய தோட்டத்தில் இசைக்குழு வைத்திருந்த பெரியவர்கள் இருந்தால், அவர்களைப் பேசவிட்டுக் கைப்பேசியில் பதிவு செய்யுங்கள். குழுவின் பெயர், வாசித்தவர்கள், பாடிய திருவிழா, கலைந்த ஆண்டு எல்லாவற்றையும் கேளுங்கள். அவர்களுக்குப் பின் அதைச் சொல்ல எவரும் இரார்.

இசைக்குழு என்பது சிலர் சிலகாலம் ஒரே தாளத்தில் மூச்சு விடுவது. அது முடிந்தே தீரும். முடிந்ததைத் தோல்வி என்று கருதும் வழக்கத்தை மட்டும் நம் பிள்ளைகளுக்குக் கற்றுத்தர வேண்டாம். பாதி வரியில் நிறுத்தினால் அது பிழை. பாட்டை முழுமையாகப் பாடி முடித்துவிட்டு மேடையிலிருந்து இறங்குபவரைத் தோற்றவர் என்று எவரும் சொல்வதில்லையே!